சங்கத்துக்குச் சொந்தமாக ஒரு மெசேஜ் சர்வர்: மாறலாமா, வேண்டாமா?

தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் சாட்ஸ்வொர்த்தில் இயங்கும் ஒரு தமிழ்ச் சங்கத்தின் செயலாளர் கேட்ட கேள்வி இது. உறுப்பினர்கள் இருநூறு பேர். எல்லாப் பேச்சும் வாட்ஸ்அப் குழுக்களில் நடக்கிறது. நலப்பணிக் குழுவுக்கு உதவி கேட்டு வரும் குடும்பங்களின் அடையாள அட்டைப் படம், வங்கி அறிக்கை, பிள்ளைகளின் பள்ளி விவரம் எல்லாம் அதே குழுக்களில்தான் கிடக்கின்றன. கமிட்டியில் இருக்கும் ஒரு தம்பி, “மேட்ரிக்ஸ் என்று ஒன்று இருக்கிறது, நம்முடைய சொந்த சர்வரிலேயே ஓட்டலாம், வெளியார் யாரும் எட்டிப் பார்க்க முடியாது” என்று சொல்லியிருக்கிறார். பெரியவர்கள் தயங்குகிறார்கள். “அண்ணா, மாறலாமா? அவர் சொல்கிற மாதிரி நிஜமாகவே பாதுகாப்பா?” என்பது கேள்வி.

மாறலாம். ஆனால் இருநூறு பேரும் மாற வேண்டாம். கமிட்டியும் நலப்பணிக் குழுவும் மட்டும் மாறினால் போதும். அதுவும், அந்த சர்வரை வருடக்கணக்கில் பார்த்துக்கொள்ள இரண்டு பேர் பொறுப்பேற்றால்தான். ஒருவர் போதாது. இரண்டு பேர் கிடைக்கவில்லை என்றால் மேட்ரிக்ஸை மறந்துவிட்டு சிக்னல் என்ற மெசேஜ் ஆப்புக்குப் போங்கள். சர்வர் பராமரிப்புதான் என் தொழில், இந்த ஊரில்தான் அதைச் செய்கிறேன். ஏன் இப்படிச் சொல்கிறேன் என்று விளக்குகிறேன்.

வாட்ஸ்அப், சிக்னல் இரண்டிலும் நீங்கள் அனுப்பும் செய்தி அந்தந்த ஆப்பை நடத்தும் ஒரே அமைப்பின் சர்வர் வழியாகத்தான் போகும். மேட்ரிக்ஸ் மின்னஞ்சலைப் போல. ஜிமெயில்காரர் யாஹூகாரருக்கு மெயில் போட முடிகிறதல்லவா, அப்படி உங்கள் சங்கத்தின் சர்வரில் இருப்பவர் பீட்டர்மாரிட்ஸ்பர்க்கில் வேறொரு சங்கத்தின் சர்வரில் இருப்பவரோடு பேசலாம். நடுவில் ஒரு முதலாளி இல்லை. 2014இல் மாத்யூ ஹாட்சனும் அமான்டின் லு பாப்பும் தொடங்கிய திட்டம் இது. 2018இல் அதற்கென ஓர் அறக்கட்டளை வந்தது. மேட்ரிக்ஸ் என்பது விதிமுறையின் பெயர். சர்வரில் ஓடும் மென்பொருளில் அதிகம் புழங்குவது சினாப்ஸ். போனில் நீங்கள் திறக்கும் ஆப் எலிமென்ட். இந்த மூன்றையும் உங்கள் தம்பி கலந்து பேசினால் நிறுத்திக் கேளுங்கள், ஏனென்றால் ஒவ்வொன்றிலும் பாதுகாப்புக் குறைகள் தனித்தனியாக வந்திருக்கின்றன.

பெரிய இடங்கள் இதை எடுத்திருக்கின்றன என்பது உண்மை. பிரான்ஸ் அரசு 2019இல் ‘சாப்’ என்ற பெயரில் தன் ஊழியர்களுக்கென மேட்ரிக்ஸ் மேல் ஓர் ஆப் கட்டியது. ஜெர்மனி ராணுவமும் அதன்மேல் சொந்த மெசெஞ்சர் வைத்திருக்கிறது. ஜெர்மன் மருத்துவத் துறைக்கான டிஜிட்டல் அமைப்பான கெமாட்டிக் 2021இல் மேட்ரிக்ஸைத் தேர்ந்தெடுத்தது. கமிட்டிக் கூட்டத்தில் இந்தப் பட்டியலைக் காட்டி வாக்குக் கேட்பார்கள். ஆனால் அங்கெல்லாம் சம்பளம் வாங்கிக்கொண்டு ராத்திரியும் பகலும் சர்வரைப் பார்க்க ஆட்கள் இருக்கிறார்கள். உங்களிடம் இருப்பது வேலை முடிந்து வீட்டுக்கு வந்து, பிள்ளைகளைத் தூங்கவைத்த பிறகு லேப்டாப்பைத் திறக்கும் ஒரு தன்னார்வலர். இந்த வித்தியாசத்தை மனதில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

இப்படி ஒரே முதலாளி கையில் இல்லாமல் பல சர்வர்களில் பிரிந்திருக்கும் பரவலாக்கம் எதற்கு நல்லது என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. 2021 அக்டோபர் 4ஆம் தேதி ஃபேஸ்புக் நிறுவனம் தன் நெட்வொர்க் அமைப்பில் செய்த ஒரு தவறால் வாட்ஸ்அப் உலகம் முழுக்க ஏறத்தாழ ஆறு மணி நேரம் படுத்தது. 2025 அக்டோபர் 20ஆம் தேதி அமேசானின் அமெரிக்க டேட்டா சென்டரில் வந்த கோளாறில் சிக்னலும் தடுமாறியது. எங்கோ விர்ஜீனியாவில் நடந்த ஒன்றால் டர்பனில் செய்தி போகவில்லை.

மேட்ரிக்ஸ் மட்டும் என்ன, விதிவிலக்கா? அதே ஆண்டு செப்டம்பர் 2ஆம் தேதி, திட்டத்தாரே நடத்தும் மேட்ரிக்ஸ் டாட் ஆர்க் என்ற பொது சர்வரின் தரவுத்தளம் பழுதாகி, பேக்கப்பிலிருந்து மீட்டெடுக்க ஏறத்தாழ ஒரு நாள் ஆனது. ஆனால் சொந்த சர்வர் வைத்திருந்தவர்கள் அந்த நேரத்திலும் தங்களுக்குள் பேசிக்கொண்டுதான் இருந்தார்கள். இலவசம் என்று எல்லோரும் அந்தப் பொது சர்வரிலேயே கணக்குத் திறந்தால் ஒரு நிறுவனத்திலிருந்து இன்னொரு அமைப்புக்கு இடம் மாறியதுதான் மிச்சம். சிறு அமைப்புகள் பலவும் அப்படித்தான் செய்கின்றன, செய்துவிட்டு நாங்கள் பரவலாக்கப்பட்ட தளத்தில் இருக்கிறோம் என்கின்றன.

நம் நாட்டுக்கு இன்னொரு காரணமும் உண்டு. 2024 மார்ச் 14ஆம் தேதி ஐவரி கோஸ்ட் கரைக்கு அப்பால் நான்கு கடலடி கேபிள்கள் ஒரே சமயத்தில் பழுதானபோது தென்னாப்பிரிக்காவிலும் பல இணையச் சேவைகள் தள்ளாடின. சர்வர் ஜோகன்னஸ்பர்க்கிலோ கேப் டவுனிலோ இருந்தால் சாட்ஸ்வொர்த்துக்கும் ஜோகன்னஸ்பர்க் பக்கத்து லெனேஷியாவுக்கும் இடையே போகும் செய்திக்குக் கடல் தாண்ட வேண்டிய அவசியம் இல்லை. ஆப் மூடியிருக்கும்போது போனைத் தட்டி எழுப்பும் அறிவிப்பு மட்டும் கூகுள், ஆப்பிள் வழியாகத்தான் வரும். அதனால் அப்படிப்பட்ட நாளில் ஆப்பை நாமே திறந்து பார்க்க வேண்டியிருக்கும்.

இனி பாதுகாப்பு. உங்கள் தம்பி சொன்னதில் பாதி சரி. வாட்ஸ்அப்பில் மறையாக்கம் இல்லை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். 2016 முதல் அனுப்புபவர் போனிலிருந்து பெறுபவர் போன் வரை எல்லாச் செய்தியும் பூட்டித்தான் போகிறது, அதுவும் சிக்னலின் முறையில். மேட்ரிக்ஸிலும் அதே குடும்பத்தைச் சேர்ந்த முறைதான். குழுக்களுக்கு மெகோல்ம் என்று ஒன்றைப் பயன்படுத்துகிறார்கள். கணிதத்தில் பெரிய ஏற்றத்தாழ்வு இல்லை. செய்தியை ஒரு கடிதம் என்று வைத்துக்கொண்டால், நடுவில் உறையைத் திறக்க யாராலும் முடியாது என்பது இரண்டுக்கும் பொது.

வித்தியாசம் உறைமேல் எழுதியிருப்பதில் இருக்கிறது. மேட்ரிக்ஸில் செய்தியின் உள்ளடக்கம் மட்டும்தான் பூட்டப்படுகிறது. அறையின் (மேட்ரிக்ஸில் குழுவுக்கு அதுதான் பெயர்) தலைப்பு, அதன் விளக்கம், யார் யார் உறுப்பினர், யார் எத்தனை மணிக்கு எழுதினார், எந்தச் செய்திக்கு யார் கட்டைவிரல் போட்டார் என்பதெல்லாம் சர்வரில் திறந்தே கிடக்கும். உங்கள் நலப்பணிக் குழுவுக்குக் கணவன் அடிக்கிறான் என்று உதவி கேட்டு ஒரு பெண் வருகிறாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவளுக்காக ஓர் அறை திறந்து அவள் பெயரையும் பிரச்சினையையும் அறையின் தலைப்பில் எழுதினால், உள்ளே பேசுவது எவ்வளவு பூட்டியிருந்தும் பயனில்லை. சர்வரைப் பார்ப்பவருக்கு எல்லாம் தெரிந்துவிடும். அறைக்கு வெறும் எண் வையுங்கள். ‘நலம் 14’ என்றால் நலம் 14, அவ்வளவுதான். இதை முதல் நாளிலிருந்தே வழக்கமாக்குங்கள், பிறகு மாற்றுவது கடினம்.

சொந்த சர்வர் என்றால் இந்த உறைமேல் விவரமெல்லாம் உங்கள் கையில் இருக்கும். வெளியார் கையில் இல்லை என்பது நன்மைதான். ஆனால் உங்களுக்குள் யார் கையில்? சங்கத் தேர்தல் நெருங்கும்போது யார் யாரோடு ராத்திரி பதினொரு மணிக்குப் பேசுகிறார்கள் என்று சர்வர் நிர்வாகியால் பார்க்க முடியும். நம் சங்கங்களில் அணி பிரிவது புதிது இல்லை. அதனால் இரண்டு நிர்வாகிகளில் ஒருவராவது எந்தப் பதவிக்கும் நிற்காதவராக இருக்கட்டும், சர்வர் பதிவுகளை யார் எப்போது பார்க்கலாம் என்று சங்க விதியில் ஒரு வரி எழுதிவிடுங்கள். தொழில்நுட்ப ஆட்கள் பெரும்பாலும் இதைப் பேசுவதில்லை. எனக்கு மறையாக்கத்தைவிட முக்கியமாகப் படுவது இதுதான்.

சரி, இந்தத் தளங்கள் எங்கே உடைந்திருக்கின்றன என்று பார்ப்போம். மறையாக்கக் கணிதத்தை உடைத்து உள்ளே போன கதை இதில் ஒன்றுகூட இல்லை.

2019 ஏப்ரலில் மேட்ரிக்ஸ் டாட் ஆர்க் சர்வர்களுக்குள் ஒருவர் நுழைந்துவிட்டார். வழி எது தெரியுமா? மெசேஜ் மென்பொருள் இல்லை. புது மென்பொருள் கட்டுவதற்காக வைத்திருந்த ஜென்கின்ஸ் என்ற கருவி. அதில் தெரிந்த ஓட்டை இருந்தது, அப்டேட் போடாமல் விட்டிருந்தார்கள். பூட்டாத செய்திகளும் கடவுச்சொல்லின் மறைவடிவங்களும் அவர் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தன. பூட்டிய செய்திகள் தப்பின. ஆனால் பாதுகாப்புக்காக எல்லோரையும் ஒரே நேரத்தில் வெளியேற்ற வேண்டியதாயிற்று. பூட்டிய செய்தியைத் திறக்கும் தங்கள் சாவியை பேக்கப் எடுத்து வைக்காதவர்கள் மறுபடி உள்ளே வந்தபோது பழைய பூட்டிய செய்திகளைப் படிக்க முடியவில்லை. திருடனும் படிக்கவில்லை, சொந்தக்காரரும் படிக்கவில்லை. இந்த இரண்டாவது இழப்புதான் உங்களைப் போன்ற சங்கத்துக்கு அடிக்கடி வரப்போவது.

அதே மாதம் பிரான்சில் சாப் வெளியானது. அரசு மின்னஞ்சல் முகவரி உள்ளவர்கள் மட்டுமே சேரலாம் என்று விதி. பாப்டிஸ்ட் ராபர்ட் என்ற பாதுகாப்பு ஆய்வாளர் வெளியான சில மணி நேரத்திலேயே உள்ளே போய்விட்டார். தன் சொந்த முகவரியை எழுதி, அதன் வாலில் இன்னொரு அட் குறியும் அதிபர் மாளிகையின் முகவரியும் சேர்த்தார். சரிபார்க்கும் நிரல் வாலைப் பார்த்து ‘அரசு ஊழியர்’ என்றது. உறுதிப்படுத்தும் மெயிலை அனுப்பும் நிரல் தலையைப் பார்த்து அவருடைய பெட்டிக்கே அனுப்பியது. அவர் முறையாகத் தெரிவித்தார், உடனே சரிசெய்தார்கள். ஒரு நாட்டின் அரசே வாசலில் இப்படித் தடுக்கி விழுந்தது. நீங்கள் தானாகச் சேரும் வழியையே அடைத்துவிடுங்கள். நிர்வாகி கணக்குத் திறந்து கையில் கொடுத்தால்தான் உள்ளே வர முடியும் என்று வையுங்கள். இருபது பேருக்கு அது ஒரு மாலை வேலை.

2022 செப்டம்பரில் வந்த ஆய்வுதான் மேட்ரிக்ஸின் அடிப்படையைத் தொட்டது. ராயல் ஹாலோவே, ஷெஃபீல்ட் பல்கலைக்கழக ஆய்வாளர்களும் பிரேவ் நிறுவனத்தைச் சேர்ந்தவரும் சேர்ந்து, கெட்டுப்போன சர்வர் ஒன்று என்னென்ன செய்ய முடியும் என்று காட்டினார்கள். அறைக்குள் யார் இருக்கிறார்கள் என்ற பட்டியலை நிர்வகிப்பது சர்வர். அந்த சர்வரே எதிரியானால் பட்டியலில் ஒரு ஆளையோ, இருக்கும் ஆளுக்கு ஒரு புது போனையோ சேர்த்துவிட முடியும். சேர்ந்த பிறகு வரும் செய்திகளின் சாவி அந்த ஆளுக்கும் போகும். ஆப்களில் இருந்த நிரல் பிழைகளை உடனே திருத்தினார்கள். ஆனால் பட்டியல் சர்வரிடம் இருக்கிறது என்ற வடிவமைப்பு ஒரே நாளில் மாறும் விஷயம் இல்லை. அதனால்தான் ஒருவரை ஒருவர் சரிபார்த்துக்கொள்ளும் படியைத் தாண்டிப் போகாதீர்கள் என்று வற்புறுத்துகிறேன்.

அது கடினமும் இல்லை. எலிமென்டில் இரண்டு பேர் சரிபார்க்கும்போது இருவர் திரையிலும் ஏழு சின்னப் படங்கள் வரும். பொருளாளர் போனில் கூப்பிட்டுத் தன் திரையைப் பார்த்து வாசிக்கிறார்: யானை, வாழைப்பழம், குடை, சாவி, ரயில், மணி, நங்கூரம். உங்கள் திரையிலும் அதே ஏழும் அதே வரிசையில் இருந்தால் ‘பொருந்துகிறது’ என்று அழுத்துங்கள். நடுவில் யாரும் இல்லை என்று அர்த்தம். ஒன்று மாறினாலும் நிறுத்திவிடுங்கள். எழுபது வயது ஐயாவும் இதைச் செய்வார், படம் பார்த்துச் சொல்வதுதானே. அடுத்த கமிட்டிக் கூட்டத்தில் டீ வருவதற்குள் எல்லோரும் நேரிலேயே முடித்துவிடலாம். அதன்பிறகு யாருக்காவது சரிபார்க்காத புது போன் சேர்ந்தால் ஆப் எச்சரிக்கும். அந்த எச்சரிக்கை வந்ததும் கேட்டுத் தெரிந்துகொள்ளாமல் யாரும் எழுதக் கூடாது.

இதே பாடத்தை மேட்ரிக்ஸுக்கு அண்ணனான எக்ஸ்எம்பிபியும் படித்தது. ஜாபர் என்ற பெயரில் 1999இல் பிறந்த, இன்றும் நன்றாக ஓடும் தொழில்நுட்பம் அது. 2023 அக்டோபரில் ஜாபர் டாட் ஆர்யூ என்ற ரஷ்யச் சேவையை நடத்துபவர்கள், ஜெர்மனியில் வாடகைக்கு எடுத்திருந்த தங்கள் சர்வருக்கு முன்னால் யாரோ மாதக்கணக்கில் உட்கார்ந்து இணைப்பை ஒட்டுக்கேட்டதைக் கண்டுபிடித்தார்கள். சர்வருக்குள் எவரும் நுழையவில்லை. டேட்டா சென்டரின் நெட்வொர்க்கில் வைத்து, ‘இதுதான் அந்த சர்வர்’ என்று போன்களுக்கு அடையாளம் காட்டும் சான்றிதழில் செல்லுபடியாகும் வேறொன்றைக் காட்டியிருக்கிறார்கள். எப்படி மாட்டியது? ஒட்டுக்கேட்டவர்கள் தங்கள் சான்றிதழைப் புதுப்பிக்க மறந்துவிட்டார்கள், காலாவதி எச்சரிக்கை வந்தது. சொந்த சர்வர் என்றாலும் அது நிற்கும் கட்டடம் வேறு ஒருவருடையது. அந்தச் சேவையில் முனைக்கு முனை மறையாக்கத்தை, அதாவது போனிலிருந்து போன் வரை பூட்டும் முறையைப் பயன்படுத்தி, சாவியையும் சரிபார்த்துக்கொண்டவர்களின் பேச்சு மட்டுமே நிச்சயமாகத் தப்பியது.

மென்பொருளும் நின்ற இடத்தில் நிற்பதில்லை. 2025 ஆகஸ்டில் சர்வர்கள் ஒன்றோடொன்று பேசும் விதிமுறையிலேயே இருந்த குறைகளை அடைக்க மேட்ரிக்ஸ் அறைகளுக்கு 12ஆம் பதிப்பு வந்தது. சர்வர் நடத்துபவர்கள் எல்லோரும் குறித்த நாளையொட்டி அப்டேட் போட வேண்டியிருந்தது. உங்கள் நிர்வாகி அந்த வாரம் இந்தியாவுக்குக் கல்யாணத்துக்குப் போயிருந்தால் என்ன ஆகும்? இரண்டு பேர் வேண்டும் என்று சொல்வதற்கு இதைவிடக் காரணம் தேவையில்லை.

சட்டப் பக்கமும் இதையேதான் கேட்கிறது. போப்பியா என்று நாம் சுருக்கமாகச் சொல்லும் தனிநபர் தகவல் பாதுகாப்புச் சட்டம் 2021 ஜூலை 1 முதல் முழுமையாக அமலில் இருக்கிறது. தர்ம காரியம்தானே, சின்னச் சங்கம்தானே என்று விலக்கு எதுவும் இல்லை. மத நம்பிக்கை, உடல்நிலை, பிள்ளைகளின் விவரம் எல்லாம் அதில் தனிக் கவனம் பெறுபவை. நலப்பணிக் கோப்பைத் திறந்தால் மூன்றும் முதல் பக்கத்திலேயே இருக்கும். 19ஆம் பிரிவு தக்க பாதுகாப்பு ஏற்பாடு வேண்டும் என்கிறது. தகவல் கசிந்தால் 22ஆம் பிரிவுப்படி அரசின் தகவல் கட்டுப்பாட்டாளருக்கும் சம்பந்தப்பட்டவர்களுக்கும் தெரிவிக்க வேண்டும்.

இந்தச் சட்டத்தின் கீழ் வந்த முதல் பெரிய அபராதம் யாருக்கு விழுந்தது என்று பாருங்கள். நீதித்துறை அமைச்சகத்துக்கே. 2021 செப்டம்பரில் கோப்புகளைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கும் ரான்சம்வேர் அவர்கள் கணினிகளை முடக்கியது. விசாரித்தால், ஆன்டிவைரஸ், ஊடுருவலைக் கண்டறியும் மென்பொருள் போன்றவற்றின் உரிமம் 2020லேயே காலாவதியாகியிருந்தது, யாரும் புதுப்பிக்கவில்லை. புதுப்பித்ததற்கு ஆதாரம் காட்டச் சொல்லி 2023 மே மாதம் அறிவிக்கை கொடுத்தும் காட்டவில்லை என்று ஜூலையில் 50 லட்சம் ராண்ட் அபராதம் போட்டார்கள். வாங்கி வைத்த பாதுகாப்பைப் பராமரிக்காமல் விட்டதற்கு விழுந்த அடி அது. கவனிக்க ஆளில்லாத சொந்த சர்வர் ஒன்று, ஒழுங்காகப் பயன்படுத்தும் வாட்ஸ்அப்பைவிட ஆபத்தானது என்று நான் நினைப்பதற்கு அந்த வழக்கு ஒரு காரணம்.

இனி ஆட்களை மாற்றும் விஷயம். இங்கேதான் பெரும்பாலான முயற்சிகள் படுத்துவிடுகின்றன. நம் ஊரில் மொபைல் கம்பெனிகள் வாட்ஸ்அப்புக்கு மட்டும் தனியாக மலிவு டேட்டா பண்டில் விற்கின்றன. ஓய்வூதியத்தில் வாழும் பாட்டி அதைத்தான் வாங்குகிறார். எலிமென்டைத் திறந்தால் பொது டேட்டா செலவாகும், பல நாள் அவரிடம் பொது டேட்டாவே இருக்காது. அவரிடம் போய் தனியுரிமை பற்றி வகுப்பெடுப்பது நியாயம் இல்லை. காவடி எந்த நாள், பஸ் எத்தனை மணிக்கு, தமிழ் வகுப்பு எந்த அறையில் என்பதெல்லாம் ரகசியமும் இல்லை. அவை வாட்ஸ்அப்பிலேயே இருக்கட்டும்.

மாற வேண்டியது அடையாள எண்ணும் வங்கி விவரமும் புழங்கும் பேச்சு. 2022 ஏப்ரல் வெள்ளம் நினைவிருக்கும். டர்பனைச் சுற்றி 400 பேருக்கு மேல் இறந்தார்கள். வீடு போனவர்களுக்கு உதவி சேர்க்கும் அவசரத்தில் 13 இலக்க அடையாள எண் தெரியும் படங்களை எல்லோரும் எல்லாக் குழுவிலும் போட்டோம். அந்த நேரத்தில் அது தவிர்க்க முடியாதது. ஆனால் அந்தப் படங்கள் இன்னும் எத்தனை போன்களின் கேலரியில் இருக்கின்றன, அந்தப் போன்களில் எத்தனை ராபட்டில் (போக்குவரத்து விளக்கில்) நிற்கும்போது பறிபோயின என்று நினைத்தால் எனக்கு மனசு கனக்கிறது. ஒருவரின் போன் எண்ணைத் திருடன் தன் சிம்முக்கு மாற்றிக்கொள்ளும் சிம் ஸ்வாப் மோசடிக்கு, அவரின் பெயர், அடையாள எண், முகவரி மூன்றும் கிடைத்தால் பாதி வேலை முடிந்தது. அவர்கள் நம்மிடம் உதவி கேட்டு வந்தவர்கள். அவர்களை இன்னொரு கஷ்டத்தில் நாம் தள்ளக் கூடாது.

அதனால் ஒரு தேதி குறித்து, அன்றிலிருந்து நலப்பணி விவரம் எதுவும் வாட்ஸ்அப்பில் வரக் கூடாது என்று தீர்மானம் போடுங்கள். முதலில் தலைவர் மாற வேண்டும். அவரே வாட்ஸ்அப்பில் “அந்தக் குடும்பத்துக்குப் பணம் போயாச்சா?” என்று கேட்டால், புது ஆப்பை மறுநாள் யாரும் திறக்க மாட்டார்கள். இரண்டு இடத்திலும் கொஞ்ச நாள் ஓட்டிப் பார்க்கலாம் என்பார்கள், ஒப்புக்கொள்ளாதீர்கள். பழக்கம் உள்ள இடம்தான் ஜெயிக்கும்.

சர்வர் அமைக்கும்போது கவனிக்க வேண்டியதில் முதல் இடம் டொமைன் பெயருக்கு, அதாவது சர்வரின் இணைய முகவரிக்கு. மேட்ரிக்ஸில் சர்வரின் பெயர் ஒவ்வொருவர் முகவரியிலும் ஒட்டிக்கொள்ளும், பிறகு மாற்றவே முடியாது. மாற்ற வேண்டும் என்றால் எல்லாவற்றையும் புதிதாகத் தொடங்க வேண்டியதுதான். அந்தப் பெயரைச் சங்கத்தின் பெயரில் பதிவு செய்யுங்கள், பணமும் சங்கக் கணக்கிலிருந்து போகட்டும். தம்பியின் சொந்த மெயிலிலும் சொந்த கார்டிலும் பதிவு செய்துவிட்டு அவர் கேப் டவுனுக்கு வேலை மாறிப் போனால், ஒரு வருடம் கழித்துப் புதுப்பிக்கும் மெயில் யாரும் பார்க்காத பெட்டிக்கு வரும்.

மண்டபத்துப் பின்னறையில் பழைய கணினியை வைத்து ஓட்டலாம் என்ற யோசனையும் வரும், விட்டுவிடுங்கள். 2023இல் லோட்ஷெடிங் என்ற முறைவைத்த மின்வெட்டு எப்படி இருந்தது என்று எல்லோருக்கும் தெரியும். இந்த நாட்டு டேட்டா சென்டர் ஒன்றில் மாதம் சில நூறு ராண்டுக்கு வாடகை சர்வர் கிடைக்கும், இருபது முப்பது பேருக்கு அது தாராளம். தரவுத்தளத்துக்கு போஸ்ட்கிரெஸ் போடச் சொல்லுங்கள். சினாப்ஸ் தானாக எடுத்துக்கொள்ளும் எஸ்க்யூலைட் சோதனைக்குத்தான் சரி. வெளி சர்வர்களோடு பேசும் இணைப்பை ஆரம்பத்தில் மூடி வையுங்கள். வேறு சங்கம் ஒன்று சொந்த சர்வர் போட்டால் அந்த ஒரு பெயரை மட்டும் அனுமதிப் பட்டியலில் சேர்க்கலாம். பரவலாக்கத்தின் அழகே திறந்திருப்பதுதானே என்று தம்பி வருத்தப்படுவார். அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. ஆனால் ஓர் அறையில் வேறு சர்வர்காரர் ஒருவர் இருந்தாலும் அந்த அறையின் பிரதி அங்கேயும் போய் உட்காரும். நீங்கள் இங்கே ஒன்றை அழித்தால் அங்கே அழிக்கச் சொல்லி ஒரு வேண்டுகோள்தான் போகும், அழிப்பதும் விடுவதும் அந்த சர்வரின் விருப்பம்.

ஒவ்வொருவருக்கும் மீட்புச் சாவி என்று ஒன்று வரும். நான்கு நான்கு எழுத்தாகப் பிரித்த நீளமான ஒரு வரி. வேறு எந்தக் கருவியிலும் கணக்கைத் திறந்து வைக்காதவர் போனைத் தொலைத்தால் பழைய செய்தியைத் திறக்க அது ஒன்றுதான் வழி, நிர்வாகியாலும் உதவ முடியாது. அதை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வாட்ஸ்அப்பில் தனக்கே அனுப்பி வைப்பார்கள், கண்டிப்பாகத் தடுங்கள். காகிதத்தில் எழுதி வீட்டில் பத்திரம் வைக்கும் இடத்தில் வைக்கட்டும். பெரியவர்களுக்கு நீங்களே பக்கத்தில் உட்கார்ந்து எழுதிக் கொடுங்கள்.

பதவிக்காலம் முடிந்தவரை அதே நாளில் அறையிலிருந்து நீக்கிக் கணக்கை மூடுங்கள். அவர் போனில் ஏற்கெனவே இறங்கியது இறங்கியதுதான், அதை எந்தத் தொழில்நுட்பமும் திரும்ப வாங்காது. ஆகவே முக்கியமான ஆவணத்தை அரட்டையில் நிரந்தரமாக விடாதீர்கள். வேலை முடிந்ததும் தனிக் கோப்பகத்துக்கு மாற்றிவிட்டு, குறிப்பிட்ட நாளுக்குப் பின் பழைய செய்திகள் தானாக அழியும்படி சர்வரில் அமைத்துவிடலாம். யாரை உள்ளே சேர்க்கிறோம் என்பதிலும் கண் வேண்டும். 2025 மார்ச்சில் அமெரிக்க உயர் அதிகாரிகள் ஏமன் தாக்குதலைப் பற்றிப் பேசிய சிக்னல் குழுவில் ஒரு பத்திரிகை ஆசிரியரைத் தவறுதலாகச் சேர்த்துவிட்டார்கள். மறையாக்கம் ஒரு குறையும் இல்லாமல் வேலை செய்தது.

மற்ற வழிகளைப் பற்றிச் சுருக்கமாக. டெலிகிராம் வேண்டவே வேண்டாம், அதன் குழுக்களில் முனைக்கு முனை மறையாக்கம் கிடையாது. உங்கள் நிர்வாகிக்கு எக்ஸ்எம்பிபி நன்றாகத் தெரியும் என்றால் அதுவே போதும், இன்னும் இலகுவானது. இணையமே இல்லாத நேரத்துக்கு ப்ரையார் உண்டு, புளூடூத்திலும் வைஃபையிலும் பக்கத்துப் போனுக்குச் செய்தி போகும், ஆனால் போன்களில் ஆண்ட்ராய்டுக்கு மட்டும். சிக்னல் ஒரே அமைப்பின் கையில் இருப்பது உண்மைதான், ஆனாலும் லாப நோக்கில்லாத அமைப்பு, உறைமேல் விவரத்தையும் முடிந்தவரை சேர்த்து வைப்பதில்லை. 2024 முதல் தொலைபேசி எண்ணைக் காட்டாமல் பயனர் பெயரிலேயே பேசலாம். பராமரிக்க ஆளில்லாத சங்கத்துக்கு நான் தயங்காமல் சொல்வது அதைத்தான்.

அடுத்த கமிட்டிக் கூட்டத்தில் தம்பியிடம் இதைக் கேளுங்கள். சர்வர் தன்னை மற்ற சர்வர்களுக்கு அடையாளம் காட்டும் கையொப்பச் சாவிக்கும் தரவுத்தளத்துக்கும் பேக்கப் எங்கே இருக்கும், அதிலிருந்து ஒருமுறை மீட்டுக் காட்ட முடியுமா? அவர் ஊரில் இல்லாத வாரத்தில் அப்டேட் போடப்போவது யார்? அந்த ஆள் கூட்டத்துக்கு வந்திருக்கிறாரா? பதில் தெளிவாக வந்தால் பன்னிரண்டு பேரோடு தொடங்குங்கள், அமைப்பதில் நான் உதவுகிறேன். பதில் வர நாளாகும் என்றால் காத்திருக்க வேண்டாம். நலப்பணிக் குழுவை இந்த வாரமே சிக்னலுக்கு மாற்றி, செய்திகள் தானாக அழியும் அமைப்பைப் போட்டுவிடுங்கள். பழைய வாட்ஸ்அப் குழுவில் இருக்கும் அடையாள அட்டைப் படங்களை ஒவ்வொருவரும் தங்கள் போன் கேலரியிலிருந்தும் பேக்கப்பிலிருந்தும் அழிக்க வேண்டும் என்று உங்கள் கையெழுத்தோடு ஒரு கடிதம் அனுப்புங்கள்.